வீட்டு மரவேலைக்கு எலக்ட்ரிக் ப்ளேனர் வாங்கப் போறீங்களா? எல்லாரும் கேக்குற கேள்விகளும் என் பதில்களும்

ஐப்பசி பொறந்து நாலு நாள் மழை அடிச்சா போதும், எனக்கு போன் வர ஆரம்பிச்சிடும். "பாத்ரூம் கதவு சாத்த மாட்டேங்குது, ஆசாரி வர பத்து நாள் ஆகுமாம், ஒரு ப்ளேனர் வாங்கிடலாமா?" நான் ஆசாரி கிடையாது, ஆபீஸ் வேலை, ஞாயித்துக்கிழமை மட்டும் மொட்டை மாடியில மரத்தூள்ல குளிக்கிற ஆளு. எட்டு வருஷத்துல ரெண்டு மெஷின் வாங்கினேன், அதுல ஒண்ணு இப்ப குப்பையில. அந்த அனுபவத்துல, திரும்பத் திரும்ப கேக்குற கேள்விகளை ஒரே எடத்துல எழுதி வச்சிடலாம்னு பாத்தேன்.

எலக்ட்ரிக் ப்ளேனர்னா என்ன? கை இழைப்புளி பண்ற அதே வேலை தானா?

வேலை அதே தான், மரத்தை சீவி மட்டமாக்குறது. வழி தான் வேற. கை இழைப்புளியில ப்ளேடு அசையாம நிக்கும், நீங்க தள்ளுவீங்க, நீளமா சுருள் சுருளா வரும். இதுல அடியில ஒரு டிரம் இருக்கு, அதுல ரெண்டு ப்ளேடு, மோட்டாரும் பெல்ட்டும் சேந்து அதை நிமிஷத்துக்கு 16,000 சுத்துக்கு மேல சுத்தும். ரெண்டு ப்ளேடுன்னா 32,000 வெட்டு. நிமிஷத்துக்கு 3 மீட்டர் வேகத்துல தள்ளுனீங்கன்னா ஒரு வெட்டுக்கும் அடுத்த வெட்டுக்கும் நடுவுல 0.1 மி.மீ. கூட இருக்காது, அதனால தான் கண்ணுக்கு வழவழன்னு தெரியுது. அதையே அவசரமா தள்ளிப் பாருங்க, அலை அலையா கோடு விழும். நெறைய பேர் மெஷின் சரியில்லன்னு சொல்றது பாதி இந்த அவசரத்தால தான்.

அடியில ரெண்டு தகடு இருக்கும். பின் தகடு ப்ளேடோட நுனிக்கு சமமா அசையாம இருக்கும். முன் தகடு மேலயும் கீழயும் போகும். முன் தகடு எவ்வளவு மேல ஏறுதோ அவ்வளவு ஆழம் வெட்டும். கை இழைப்புளியில கொட்டாப்புளியால தட்டித் தட்டி செட் பண்ற வேலை, இங்க முன்னால இருக்குற குமிழைத் திருப்பினா முடிஞ்சுது. இந்த ரெண்டு தகடு சமாச்சாரத்தை மட்டும் மனசுல வச்சுக்குங்க, கீழ பாதி பதில் இதுல இருந்து தான் வரப்போகுது.

எனக்கு உண்மையிலேயே இது தேவையா?

ஒரே ஒரு கதவு தான்னா தேவையில்ல. ஒரு சின்ன கை இழைப்புளி வாங்கி அரை மணி நேரம் வேர்த்தா முடிஞ்சிடும், இல்ல ஆசாரிக்கு ஒரு நாள் கூலி கொடுத்தா அவரே நாலு கதவையும் பாத்துட்டுப் போயிடுவாரு. மரம் அறுக்குற மில்லுல அறுத்த சொரசொரப்பான சட்டம் வாங்கி பெஞ்சு, ஸ்டூல், ஷெல்ஃப்னு ஏதாவது செஞ்சிட்டே இருக்குற ஆளுன்னா மட்டும் வாங்குங்க. பழைய வீடு, ஏழெட்டு நாட்டு மரக் கதவு, வருஷா வருஷம் மழைக்கு இறுகுதுன்னாலும் காசு வீணாகாது.

பலகையை ஒரே கனத்துக்கு கொண்டு வர இது போதுமா?

போதாது. வாங்குனதுக்கு அப்புறம் எல்லாரும் தலையில கை வைக்கிற எடம் இது. கையில புடிக்கிற ப்ளேனர் ஒரு முகத்தை சீவும், அவ்வளவு தான். எதிர் முகம் அதுக்கு இணையா இருக்கான்னு அதுக்குத் தெரியாது. நாலு பலகையையும் கரெக்டா முக்கால் இஞ்ச் கனத்துக்கு கொண்டு வரணும்னா அது திக்னஸ் ப்ளேனர்ங்கிற வேற மெஷின், பலகையை ஒரு பக்கம் விட்டா மறுபக்கம் வரும். வீட்டுக்கு அதை வாங்கச் சொல்ல மாட்டேன். மரம் வாங்குற கடையிலயோ பக்கத்துல இருக்குற பட்டறையிலயோ கூலிக்கு இழைச்சுத் தருவாங்க, அங்கேயே முடிச்சிட்டு வந்துடுங்க. நான் இப்ப அப்படித் தான் பண்றேன், மிச்சம் மீதி பிசிறு மட்டும் வீட்டுல.

எத்தனை வாட்ஸ் வாங்கணும்? 1000 வாட்ஸ்னு போட்டிருக்கு, விலையும் கம்மியா இருக்கே?

டப்பா மேல என்ன வேணா பிரிண்ட் பண்ணலாம். 82 மி.மீ. அகல மெஷினுக்கு 550ல இருந்து 700 வாட்ஸ் போதும். நல்ல கம்பெனிங்களோட பல மெஷின் அந்த ரேஞ்சுல தான் இருக்கு, அவங்களுக்கு 1000 போடத் தெரியாம இல்ல. வாட்ஸ்ங்கிறது மோட்டார் இழுக்குற கரண்டு, சீவுற தரம் கிடையாது. தரம் தகட்டுலயும் ப்ளேடுலயும் இருக்கு, அதை யாரும் விளம்பரத்துல போடுறதில்ல.

82 மி.மீ. தான் வாங்கணுமா? பெரிசு வேண்டாமா?

82 மி.மீ.ங்கிறது ஏறக்குறைய மூணே கால் இஞ்ச். இது தான் பொதுவான சைஸ், ப்ளேடும் சுலபமா கெடைக்கும். 110, 170 அகலத்துலயும் இருக்கு. 170ஐ தூக்கிப் பாருங்க, அரை மணி நேரத்துல தோள்பட்டை கேள்வி கேக்கும். கதவு விளிம்பு 30, 35 மி.மீ. கனம், இதுக்கு 82 தாராளம். நிலைச் சட்டம் நாலஞ்சு இஞ்ச் அகலம், அதை ரெண்டு ஓட்டுல முடிச்சிடலாம். மூணே கால் இஞ்சை விட அகலமான பலகையில ரெண்டு மூணு ஓட்டு ஓட்டினா நடுவுல மெல்லிசா வரப்பு மாதிரி ஒரு கோடு நிக்கும், அதுக்கு பெரிய மெஷின் பதில் இல்ல, கடைசியில கை இழைப்புளியை ரெண்டு இழுப்பு இழுத்து உப்புத்தாள் போட்டா போச்சு. அதனால கை இழைப்புளியை பழைய இரும்புக்குப் போட்டுடாதீங்க.

ஆழம் எவ்வளவு எடுக்கணும்? 1 மி.மீ. மெஷினும் இருக்கு, 2.6 மி.மீ. மெஷினும் இருக்கு.

ஆசாரிங்க கணக்குல ஒரு இஞ்சுக்கு 8 நூல், ஒரு நூல் 3 மி.மீ.க்கு கொஞ்சம் மேல. ஆக 2.6 மெஷின்ல முழுசா தள்ளினாக் கூட ஒரே ஓட்டுல ஒரு நூல் வராது. அப்படி எடுக்கவும் கூடாது. தேக்கு, வேங்கை, வேம்பு மாதிரி மரத்துல நான் அரை மி.மீ.க்கு மேல வைக்கிறதில்ல, பைன், ரப்பர் மரம்னா ஒண்ணு, ஒண்ணரை. கடைசி ஓட்டுக்கு ஆழத்தை இன்னும் கொறைச்சு, கண்ணாடித் தாள் மாதிரி சீவல் வர்ற அளவுக்கு வச்சு மெதுவா ஒரு தடவை. எடுக்குறது சுலபம், எடுத்ததை ஒட்ட வைக்க முடியாது.

அதனால வீட்டுக்கு 1 மி.மீ. மெஷினே போதும். குமிழ்ல 0.1 அளவுல டக் டக்னு நின்னு நின்னு திரும்புதான்னு மட்டும் பாருங்க, அது 2.6ங்கிற நம்பரை விட முக்கியம். கதவு நிலையில ரிபேட் (கதவு வந்து உக்கார்ற படி மாதிரி வெட்டு) வெட்டணும்னா பக்கவாட்டுல எவ்வளவு ஆழம் வெட்டும்னு கேட்டுக்குங்க, சிலதுல 9 மி.மீ. வரைக்கும் வரும், சிலதுல அந்த வசதியே சொல்லிக்கிற மாதிரி இருக்காது.

கடையில கையில வாங்கி என்ன பாக்கணும்?

இதுக்கு என் முதல் மெஷின் கதையைச் சொன்னாத் தான் சரியா இருக்கும். ஆன்லைன்ல தள்ளுபடியில பேர் தெரியாத ஒரு மெஷின் வாங்கினேன், வாட்ஸ் ஜாஸ்தி, கூடவே ப்ளேடு ரெண்டு ஃப்ரீ, விலை பிராண்ட் மெஷின்ல பாதி கூட இல்ல. வேப்பம் பலகையில ஒரு பெஞ்சுக்கு மேல் பலகை செஞ்சிட்டு இருந்தேன். ஓட்ட ஓட்ட ஒரு பக்கம் மட்டும் இறங்கிட்டே போகுது, நான் என் கையைத் தான் சந்தேகப்பட்டேன், சரி பண்றேன்னு அந்தப் பக்கம் கொஞ்சம், இந்தப் பக்கம் கொஞ்சம்னு சீவி ஒண்ணேகால் இஞ்ச் பலகை முக்கால் இஞ்ச் ஆயிடுச்சு. அப்புறம் எங்க தெரு ஆசாரி வந்து மெஷினைக் கவுத்துப் போட்டு ஸ்கேலை வச்சாரு, ஒரு வார்த்தை பேசல, ஸ்கேலுக்கும் தகடுக்கும் நடுவுல வெளிச்சம் தெரியுறதை விரலால காமிச்சாரு. முன் தகடு கோணலாவே வார்த்திருக்கான். அதைத் திருகி சரி பண்ண முடியாது.

அதனால கடைக்குப் போகும்போது பாக்கெட்ல ஒரு ஸ்டீல் ஸ்கேல் கொண்டு போங்க. பிளக்கைப் போடாம மெஷினைக் கவுத்து வைங்க, ஆழத்தை பூஜ்யத்துக்கு கொண்டு வாங்க, ஸ்கேலை ரெண்டு தகடும் தொடுற மாதிரி நீளவாக்குல நிறுத்தி வைங்க, இடது பக்கம் ஒரு தடவை, வலது பக்கம் ஒரு தடவை. வெளிச்சம் தெரியக் கூடாது. அப்புறம் ஸ்கேலை பின் தகட்டு மேல வச்சு முன்னால ப்ளேடு வரைக்கும் நீட்டி, பெல்ட் பக்கம் இருந்து டிரம்மை மெதுவா திருப்புங்க. ப்ளேடு ஸ்கேலை லேசா உரசிட்டுப் போகணும், தூக்கவும் கூடாது, தொடாமலும் இருக்கக் கூடாது, ரெண்டு ப்ளேடும் ஒரே மாதிரி. கடைக்காரர் மொறைச்சா மொறைக்கட்டும், நம்ம காசு.

இன்னொண்ணு, ஒரு நிமிஷம் ஓட விட்டு கைப்பிடியைப் புடிச்சுப் பாருங்க. சத்தம் எல்லாத்துலயும் வரும், ஆனா உள்ளங்கை கூசுற மாதிரி அதிர்வு வந்தா டிரம் பேலன்ஸ் இல்லன்னு அர்த்தம். பின் தகடு பக்கத்துல சின்னதா ஒரு கால் மடங்கி இறங்குதான்னும் பாருங்க, மெஷினைக் கீழ வைக்கும்போது ப்ளேடு தரையைத் தொடாம அது தாங்கிக்கும். சின்ன விஷயம் தான், ஒரு தடவை சுத்திட்டு இருக்குற மெஷினை டைல்ஸ் மேல வச்சவனுக்குத் தான் அதோட அருமை தெரியும்.

ப்ளேடு எந்த வகை நல்லது?

ரெண்டு வகை. ஒண்ணு ஹெச்எஸ்எஸ், அதாவது ஹை ஸ்பீட் ஸ்டீல், அகலமா இருக்கும், மழுங்கினா திரும்பத் தீட்டிக்கலாம், தீட்டினா சவரக் கத்தி மாதிரி சுத்தமா சீவும். இன்னொண்ணு கார்பைட், 5.5 மி.மீ. அகலத்துல குச்சி மாதிரி இருக்கும், ரெண்டு பக்கமும் கூர், ஒரு பக்கம் தேஞ்சா திருப்பிப் போடலாம், அதுவும் தேஞ்சா தூக்கிப் போட வேண்டியது தான், வீட்டுல தீட்ட முடியாது.

நம்ம ஊர் மரத்துக்கும் புதுசா கத்துக்கிறவங்களுக்கும் நான் கார்பைட் தான் சொல்லுவேன். தேக்குல சிலிக்கா இருக்கு, மணல் சத்துன்னு வச்சுக்குங்களேன், அது ஸ்டீல் ப்ளேடை சீக்கிரமே மழுக்கிடும். பிளைவுட் அதை விட மோசம், உள்ள இருக்குற பசை காஞ்சு கண்ணாடி மாதிரி ஆயிருக்கும். பனங்கை இழைக்கப் போறேன்னா ப்ளேடு போச்சுன்னு நெனச்சுட்டே ஆரம்பிங்க, கையில சிராம்பு ஏறாம இருந்தாலே லாபம்.

ஹெச்எஸ்எஸ்ல இன்னொரு தொல்லை செட்டிங். ஒவ்வொரு தடவை தீட்டும்போதும் ப்ளேடு கொஞ்சம் குறுகும், அதுக்கு ஒரு கேஜ் வச்சு பின் தகடுக்கு சமமா திரும்ப உக்கார வைக்கணும். பழகின கைக்கு பத்து நிமிஷம், பழகாதவங்களுக்கு ஒரு மத்தியானம். கார்பைட் ப்ளேடு அதுக்குன்னு இருக்குற பள்ளத்துல அப்படியே போய் உக்காந்துடும்.

எதுவா இருந்தாலும் ரெண்டு ப்ளேடையும் சேத்து மாத்துங்க. ஒண்ணு புதுசு ஒண்ணு பழசுன்னா எடை வித்தியாசம், அந்த வேகத்துல அது பேரிங்கை உடைக்கும். போல்ட்டை முறுக்கிட்டு, இன்னொரு தடவை முறுக்குங்க. மெஷின் வாங்குறதுக்கு முன்னாடியே அந்த மாடலுக்கு ப்ளேடும் பெல்ட்டும் உங்க ஊர் கடையில தொங்குதான்னு கண்ணால பாத்துடுங்க. என் முதல் மெஷினுக்கு கடைசி வரைக்கும் பெல்ட் கெடைக்கவே இல்ல.

சரி, மாடல் பேர் சொல்லுங்க.

நேராவே சொல்றேன். போஷ் ஜிஎச்ஓ 6500, அது 650 வாட்ஸ், 82 மி.மீ., ஆழம் 2.6 வரைக்கும். மக்கிட்டா 1900பி, அது 580 வாட்ஸ், அதே அகலம், ஆழம் 1 மி.மீ. தான், ரெண்டரை கிலோ தான் எடை. ரெண்டும் பல வருஷமா ஓடிட்டு இருக்குற மாடல், ஸ்பேர் கெடைக்கும். கதவும் சின்னச் சின்ன வேலையும்னா மக்கிட்டா, சொரசொரப்பான சட்டம் நெறைய இழைக்கணும்னா போஷ். மக்கிட்டா கம்பெனியே ஜப்பான்ல முதன்முதலா கையில புடிக்கிற எலக்ட்ரிக் ப்ளேனரை 1958ல வித்து தான் பவர் டூல்ஸ் பக்கம் வந்துச்சு, அதுக்கு முன்னாடி மோட்டார் விக்கிற கம்பெனி. அதுக்காக அதையே வாங்கணும்னு இல்ல, டிவால்ட்லயும் நல்ல மெஷின் இருக்கு, உங்க ஊர்ல எதுக்கு சர்வீஸ் சென்டர் பக்கமோ அதை வாங்குங்க.

பேட்டரி மெஷின்?

ஏற்கனவே அதே கம்பெனி 18 வோல்ட் பேட்டரி ரெண்டு வச்சிருந்தா யோசிங்க. இல்லன்னா வேண்டாம், ப்ளேனர் பேட்டரியை குடிச்சுத் தீத்துடும்.

செகண்ட் ஹேண்ட் வாங்கலாமா?

வாங்கலாம், மேல சொன்ன ஸ்கேல் டெஸ்ட்டைப் பண்ணிட்டு. கூடவே டிரம்மை விரலால சுத்தி காதை வச்சுக் கேளுங்க, கரகரன்னா பேரிங் போச்சு. டிரம்மைப் புடிச்சு ஆட்டிப் பாருங்க, ஆடவே கூடாது. தகட்டுல ஆழமா கீறல் இருந்தா ஆணி மேல ஓட்டின மெஷின், விட்டுடுங்க.

மழைக்கு இறுகின கதவை எவ்வளவு சீவணும்?

உங்களுக்குத் தோணுறதுல பாதி. நான் சும்மா சொல்லல. மரம் ஈரத்தைக் குடிச்சா அகலவாட்டுல உப்பும், நீளவாட்டுல கிட்டத்தட்ட மாறாது, அதனால தான் கதவு மேலயோ கீழயோ இடிக்கிறதை விட தாழ்ப்பாள் பக்கம் இடிக்குது. ஐப்பசி, கார்த்திகையில இருக்குறதிலேயே அதிகமா உப்பியிருக்கும். அந்த நேரத்துல நல்லா லூசா ஓடுற மாதிரி சீவிட்டீங்கன்னா பங்குனி, சித்திரையில காஞ்சு சுருங்கி, கதவுக்கும் நிலைக்கும் நடுவுல பல்லி வாக்கிங் போகும், ஏசி ரூமா இருந்தா கரண்டு பில் வேற.

நான் பண்றது இப்படி. முதல்ல கீலைப் பாருங்க. பாதி கேஸ்ல கதவு உப்பவே இல்ல, மேல் கீல்ல ஸ்க்ரூ லூசாகி கதவு தொங்கியிருக்கும், ஸ்க்ரூவை டைட் பண்ணா வேலை முடிஞ்சுது, ப்ளேனரே வேண்டாம். அப்படியும் இடிச்சா, கதவு விளிம்புல கார்பன் பேப்பரோ சாக்பீஸோ தடவி சாத்தித் திறங்க, இடிக்கிற எடம் தெரியும். அந்த எடத்தை மட்டும் பென்சில்ல குறிச்சு, அரை மி.மீ. வச்சு ஒரு ஓட்டு, மாட்டிப் பாருங்க, தேவைன்னா இன்னொண்ணு. சாத்தும்போது லேசா உரசுற மாதிரியே விட்டுடுங்க, தை மாசம் தானா சரியாயிடும்.

கதவைக் கழட்டிட்டுத் தான் இழைக்கணும், மாட்டின நிலையில ஸ்டூல் மேல ஏறி நின்னு ப்ளேனர் ஓட்டுறதை நான் பாத்திருக்கேன், பாக்க எனக்குத் தான் பயமா இருந்துச்சு. கீல் பக்கம் சீவாதீங்க, சீவினா கீல் குழியை திரும்ப வெட்டணும். சீவின விளிம்பு பச்சை மரம் மாதிரி திறந்து கெடக்கும், அன்னிக்கே பிரைமரோ வார்னிஷோ ஒரு கோட்டு அடிச்சிடுங்க, இல்லன்னா அடுத்த மழைக்கு அந்த விளிம்பு வழியாவே ஈரம் இன்னும் ஜாஸ்தியா ஏறும். வருஷா வருஷம் சீவுற கதவெல்லாம் இந்த ஒரு கோட்டு அடிக்காத கதவு தான்.

ஃப்ளஷ் டோர், லேமினேட் ஒட்டின கதவு, பிவிசி கதவெல்லாம்?

ஃப்ளஷ் டோர்ல (ரெண்டு பக்கமும் பிளைவுட் ஒட்டின மட்டமான கதவு) சுத்தி ஒரு மெல்லிசு மரச் சட்டம் தான் இருக்கும், அதைத் தாண்டி சீவினா உள்ள இருக்குற துண்டு துணுக்கு எட்டிப் பாக்கும். லேமினேட் சிதறும், விளிம்புல டேப் ஒட்டி மிகக் கம்மியா எடுங்க. உள்ள வெறும் கூடா இருக்குற பிவிசி கதவுக்கு ப்ளேனரைக் காட்டவே காட்டாதீங்க. டபிள்யூபிசி கதவை (மரத்தூளும் பிளாஸ்டிக்கும் கலந்து செஞ்சது) சீவலாம்.

பழைய தரை மேல டைல்ஸ் போட்டோம், கதவு அடியில அரை இஞ்ச் எடுக்கணும். ப்ளேனர்ல முடியுமா?

முடியும், ஆனா கிறுக்குத்தனம். 12 மி.மீ.யை அரை அரையா எடுக்க இருபத்தி நாலு ஓட்டு. அது வட்ட ரம்பத்தோட வேலை. அறுத்துட்டு பிசிறை மட்டும் ப்ளேனர்ல எடுங்க. கதவோட அடிப்பக்கம் ரெண்டு ஓரத்துலயும் நார் குறுக்குவாட்டுல இருக்கும், ஒரே மூச்சுல கடைசி வரைக்கும் தள்ளினா மூலை பேந்துடும். ரெண்டு ஓரத்துல இருந்தும் நடுவை நோக்கி வாங்க, இல்ல கடைசியில ஒரு வேஸ்ட் கட்டையை கிளாம்ப் போட்டு அணைச்சு வைங்க.

ஆரம்பத்துலயும் முடிவுலயும் பள்ளம் விழுதே?

கை அழுத்தம் தான். ஆரம்பிக்கும்போது முன் தகடு மட்டும் தான் மரத்து மேல இருக்கு, அப்ப முன் கையை அழுத்தணும். நடுவுல ரெண்டு கையும். முடியும்போது பின் தகடு தான் மரத்து மேல, அப்ப பின் கையை அழுத்தி முன் கையை லேசாக்கணும். நம்ம உடம்பு நேர் எதிரா பண்ணும், முடிவுல முன்னால சாஞ்சு அமுக்குவோம், டபக்னு இறங்கிடும். ஒரு பழைய சட்டத்துல இருபது ஓட்டு ஓட்டிப் பழகுங்க, கை தானா கத்துக்கும். நல்ல சாமானா இருந்தா ரெண்டு இஞ்ச் நீளம் ஜாஸ்தி வச்சு இழைச்சுட்டு, அப்புறம் ஓரத்தை அறுத்துடுங்க.

மரம் பிஞ்சு பிஞ்சு வருது, ப்ளேடு புதுசு தான்.

நார் ஓட்டத்துக்கு எதிரா ஓட்டுறீங்க. பலகையோட பக்கவாட்டைப் பாருங்க, ரேகை சாஞ்சு மேல ஏறுற திசையில தள்ளணும். பூனையை வால்ல இருந்து தலைக்குத் தடவினா எப்படி சிலுத்துக்கும், அது மாதிரி தான் இதுவும். பலகையைத் திருப்பி வச்சு ஓட்டிப் பாருங்க. வேம்பு, மா மாதிரி முறுக்கு ஓட்டம் இருக்குற மரத்துல, கணு பக்கத்துல, எந்தத் திசையில போனாலும் கொஞ்சம் பியும், அங்க ஆழத்தை கொறைச்சு வேகத்தையும் கொறைங்க.

இடிச்ச வீட்டுல இருந்து பழைய தேக்கு வாங்கினேன், இழைக்கலாமா?

அருமையான மரம், செட்டிநாட்டு வீட்டு பர்மா தேக்கெல்லாம் கெடைச்சா விடாதீங்க. ஆனா உள்ள ஆணி இருக்கும். வெளிய தெரியுற ஆணி பிரச்சனை இல்ல, தலை முறிஞ்சு உள்ள புதைஞ்சு மேல பெயிண்ட் அடிச்ச ஆணி தான் எமன், கார்பைட் ப்ளேடு ஒரே நொடியில பல்லு போயிடும். ஒரு பலமான காந்தத்தை நூல்ல கட்டி மரத்து மேல மெதுவா இழுத்துட்டு போங்க, ஒட்டுற எடத்தைக் குறிச்சு புடுங்குங்க. பழைய பெயிண்ட்டை ப்ளேனரால எடுக்காதீங்க, அந்தக் காலத்துப் பெயிண்ட்ல ஈயம் இருந்திருக்கலாம், தூளா பறந்தா மூக்குக்குள்ள தான் போகும்.

ரொம்ப ஆபத்தான மெஷினா?

கட்டிங் வீல் மாதிரி பயமுறுத்தாது, அது தான் ஆபத்து. சுவிட்சை விட்டதுக்கு அப்புறமும் டிரம் சில நொடி சுத்திட்டே இருக்கும், சத்தம் கொறஞ்சதும் நின்னுடுச்சுன்னு நெனச்சு சீவல் அடைச்சதை விரல் விட்டு எடுக்கப் போவோம். விரல் நுனி போனவங்க பல பேர் அப்படித் தான். அடைச்சா பிளக்கைப் புடுங்கிட்டு ஒரு குச்சியால எடுங்க. லுங்கி, தோள்ல துண்டு, துப்பட்டா எதுவும் வேண்டாம். வயரை தோள் மேல போட்டுக்கிட்டா ப்ளேடு அதை வெட்டாது. சின்ன கட்டையை ஒரு கையில புடிச்சு இன்னொரு கையில மெஷினை ஓட்டுறதை வீடியோவுல பாத்திருப்பீங்க, பண்ணாதீங்க, கட்டையை கிளாம்ப் பண்ண முடியலன்னா அது கை இழைப்புளி வேலை. சுவிட்சை அமுக்கினபடியே நிறுத்தி வைக்கிற லாக் பட்டன் இருக்கும், அதை மறந்துடுங்க.

மாஸ்க் போடுங்க, கைக்குட்டை இல்ல, என்95. மரத்தூளை உலக சுகாதார நிறுவனத்தோட புற்றுநோய் ஆராய்ச்சிப் பிரிவு புற்றுநோய் உண்டாக்குற பொருள் பட்டியல்ல முதல் பிரிவுல தான் வச்சிருக்கு. காதுக்கும் ஏதாவது வைங்க.

அபார்ட்மென்ட்ல வச்சு ஓட்டலாமா?

பக்கத்து வீட்டுக்காரங்க உங்களுக்கு எவ்வளவு வேண்டப்பட்டவங்கன்னு பொறுத்தது. கூட வர்ற தூசிப் பையை நம்பாதீங்க, ஒரு மீட்டர் பலகையில ஒரு மி.மீ. எடுத்தாலே அரை டம்ளர் கெட்டி மரம், சீவலா பொங்கும்போது அது பல மடங்கு, பை அஞ்சு நிமிஷத்துல நெறஞ்சிடும். நான் மாடியில ஓட்டிட்டு கூட்டி அள்ளிடுவேன்.

பிளக், இன்வெர்ட்டர் பத்தி?

650 வாட்ஸ்னா மூணு ஆம்பியர் கூட இழுக்காது, சாதா பிளக் பாயிண்ட்டே போதும். நீளமான மெல்லிசு எக்ஸ்டென்ஷன் வயர் வேண்டாம், 1.5 ஸ்கொயர் (1.5 சதுர மி.மீ. கனம்) வயர்ல ஒரு போர்டு செஞ்சு வச்சுக்குங்க. சின்ன இன்வெர்ட்டர்ல போடாதீங்க, ஸ்டார்ட் ஆகும்போது இழுக்குற கரண்டுக்கு அது கீச்சுன்னு கத்திட்டு நின்னுடும். பிளக்ல ரெண்டு பின் தான் இருக்குன்னு சிலர் பயப்படுறாங்க, டபுள் இன்சுலேஷன் மெஷின் அது, எர்த் பின் தேவையில்ல.

திடீர்னு மோட்டார் ஓடுது, டிரம் சுத்தல?

பெல்ட் அறுந்துடுச்சு. பக்கவாட்டு மூடியைக் கழட்டி மாத்துற வேலை தான், முதல் நாளே ஒரு பெல்ட் ஸ்பேர் வாங்கி டப்பாவுல போட்டுடுங்க. மோட்டாரே விட்டு விட்டு ஓடினா, உள்ள நீலமா ஜாஸ்தி பொறி பறந்தா கார்பன் பிரஷ் தேஞ்சிருக்கும், அதுவும் சின்ன செலவு தான்.

அள்ளின சீவலை என்ன பண்றது?

கோழி வளக்குறவங்க இருந்தா கூப்பிட்டுக் குடுங்க, கூண்டுல பரப்ப சந்தோஷமா வாங்கிட்டுப் போவாங்க. உரக்குழியில போடுறதா இருந்தா காய்கறிக் கழிவோட கலந்து கொஞ்சமா போடுங்க, சீவலை மட்டும் குவிச்சா வருஷக் கணக்குல அப்படியே கெடக்கும். பிளைவுட், எம்டிஎஃப் (மர நாரையும் பசையையும் சேத்து அழுத்தின பலகை) சீவல் ரெண்டுலயும் பசை இருக்கு, கோழிக்கும் வேண்டாம், செடிக்கும் வேண்டாம், குப்பை வண்டிக்குத் தான். பக்கத்துத் தெரு பாட்டி ஒருத்தங்க என்கிட்ட தேக்கு சீவல் மட்டும் கேட்டு வாங்கிட்டுப் போறாங்க, எதுக்குன்னு ரெண்டு தடவை கேட்டுட்டேன், சிரிச்சுட்டே போயிடுறாங்க.